செட்டிலும் இரும்புக் குழாயும்

9 ஜனவரி

அன்புத் தம்பி ஆணிக்கு அக்கா எழுதிக்கொள்வது.

முதலில், இந்தக் கடிதத்தைப் பிரித்துப் படிக்கப்போகும் ஜெயில் ஐயாவுக்கு ஒரு வணக்கம். ஐயா, என் எழுத்து கோழி கிளறியது மாதிரி இருக்கும். நான் மூன்றாம் வகுப்பு வரைக்கும்தான். அதிலும் பாதி நாள் வாத்தியார் வரவில்லை, மீதி நாள் நான் போகவில்லை. கண்ணைச் சுருக்கிக்கொண்டு படியுங்கள்.

டேய், நேற்றுச் சித்தி வந்திருந்தாள். வந்து உட்கார்ந்ததும் உட்காராததுமாக, "உன் தம்பி எப்பதான்டி லைஃப்ல செட்டில் ஆவான்?" என்றாள். "நல்லா செட்டில் ஆயிட்டான் சித்தி. கவர்மெண்ட் வீடு, கவர்மெண்ட் சோறு, வாசல்ல துப்பாக்கியோட காவல். உன் மருமகனுக்கு இதெல்லாம் உண்டா?" என்றேன். தண்ணீர்கூடக் குடிக்காமல் எழுந்து போய்விட்டாள்.

சிரிச்சியா? சரி. இனி ஐயாவுக்காகக் கொஞ்சம் எழுதுகிறேன், நீ பொறுத்துக்கொள். உன்னைப் பற்றிப் பாதிக் கதை மட்டும் தெரிந்த ஆள் உன் கதவுக்குச் சாவி வைத்திருப்பது எனக்குப் பிடிக்கவில்லை.

ஐயா, நாங்கள் கட்டடம் இடிக்கிற கூட்டம். விழுந்த செங்கல்லில் ஒட்டிய சாந்தைக் கொத்தி எடுத்து அடுக்குவது என் வேலை. இவன் சம்மட்டி பிடிக்கிறவன். சுவரின் காலை வெளிப்பக்கமிருந்து உடைப்பான், சுவர் உள்பக்கம் சாயும். அடிக்கிறவன் கண்ணுக்கு உள்ளே யார் இருக்கிறார்கள் என்பது தெரியாது. அதனால் கடைசி அடிக்கு முன்னால் ஒருத்தர் வாசலில் நின்று ஒவ்வொரு பேராகக் கூப்பிடுவார். கேட்டவன் "வெளிய!" என்று கத்த வேண்டும். டீக்கடைக்கோ வீட்டுக்கோ போனவன் என்றால், அதைக் கண்ணால் பார்த்த யாராவது "போயிட்டான்!" என்று அவனுக்காகச் சொல்ல வேண்டும். சொன்னால் அந்த உயிர் சொன்னவன் தலையில். அதனால் யாரும் லேசில் வாயைத் திறக்கமாட்டார்கள். எல்லாப் பேருக்கும் பதில் வந்தால்தான் வாசலில் தொங்கும் இரும்புக் குழாயில் கம்பியால் மூன்று தட்டு. குழாய் பேசினால்தான் சம்மட்டி பேசும்.

கூப்பிடுகிறவர் என் வீட்டுக்காரர். கதவில் குனிந்து நுழைகிற உயரம், அதனால் கூட்டத்தில் அவர் பேர் நெட்டை. அன்றைக்கு ஒரு பழைய பஞ்சுக் கிடங்கு. லாரிக்காரன் ஹாரன் அடிக்க, கான்ட்ராக்டர் குதித்தார். நெட்டை கண்ணில் படவில்லை. "நானே கூப்பிடறேன்" என்று கான்ட்ராக்டர் கம்பியை எடுத்துக்கொண்டார். எல்லாரும் "வெளிய" என்றார்கள். நெட்டை பேரைச் சொன்னதும் "போயிட்டான்!" என்று எங்கிருந்தோ ஒரு குரல் வந்ததாம். நான் பின்பக்கம் செங்கல் கொத்திக்கொண்டிருந்தேன், எனக்குக் கேட்கவில்லை. குழாய் அடித்தது. இவன் அடித்தான். சுவர் போயிற்று. நெட்டை உள்ளே இருந்தார்.

அந்தக் கான்ட்ராக்டர் வாயில் எல்லாவற்றுக்கும் ஒரே இங்கிலீஷ் சொல்தான் ஐயா. கூலி கொடுத்தால் செட்டில். சண்டையைத் தீர்த்தால் செட்டில். சுவரில் விரிசலைப் பார்த்தால் "அஸ்திவாரம் செட்டில் ஆயிருக்கு." மகளை வெளிநாட்டில் செட்டில் பண்ணிவிட்டார். தின்று ஏப்பம் விட்டு வயிற்றைத் தடவி, "ஆங், செட்டில்." முதுகுக்குப் பின்னால் அவர் பேரே செட்டில்தான்.

அன்றைக்கும் அதே சொல்தான். இவன் உள்ளே ஓடப் பார்த்தபோது இடுப்பைப் பிடித்து நிறுத்தி, "தூசி செட்டில் ஆகட்டும்டா, யாரும் போகாதீங்க" என்றார். தூசிக்குள்ளிருந்து டொக், டொக் என்று செங்கல்லைச் செங்கல் தட்டுகிற சத்தம் கேட்டது. எனக்கும் கேட்டது. தூசி அடங்கியபோது அந்தச் சத்தமும் அடங்கிவிட்டது.

அதற்கப்புறம்தான் இவன் சம்மட்டியிலிருந்து காம்பை உருவி அவர் தாடையை உடைத்தான். தடுக்க வந்த கையையும் உடைத்தான். அதற்குக் கிடைத்த தண்டனைதான் இப்போது ஓடுகிறது. உள்ளது இதுதான் ஐயா.

டேய் ஆணி, வேளாவேளைக்குச் சாப்பிடு. மெலிஞ்சு கம்பிக்கு நடுவுல வெளிய வந்துடாத, ஐயாவுக்கு வேலை போய்விடும்.

உன் அக்கா

*

27 ஜனவரி

அக்காவுக்கு,

சாப்பாடு பரவாயில்லை. இங்கேயும் பேர் கூப்பிடுகிறார்கள், காலையிலும் சாயங்காலமும். "உள்ளே" என்று சொல்ல வேண்டும். முதல் நாள் பழக்கத்தில் "வெளிய" என்று கத்திவிட்டேன். முதுகில் லத்தி இறங்கியது. பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அதற்கு இன்னொன்று விழுந்தது.

கை ஒரு மாதிரி இருக்கிறது அக்கா. அடிபட்ட கை இல்லை, அடித்த கை. சுவர் கெட்டியாக இருக்கிறவரைக்கும் சம்மட்டி திருப்பி உதைக்கும், தோள்வரைக்கும் வரும். போகப்போகிற அடியில் மட்டும் உதைக்காது. தலையணையில் குத்தினது மாதிரி பொதுக்கென்று இருக்கும். அதுதான் நல்ல அடி என்று மாமா சொல்வார். அந்தப் பொதுக்கென்றது இன்னும் உள்ளங்கையிலேயே இருக்கிறது. தட்டைப் பிடித்தால் இருக்கிறது. சுவரைப் பிடித்தால் இருக்கிறது. கையைக் கல்லில் தேய்த்துப் பார்த்தேன், தோல் போனது, அது போகவில்லை.

இன்னும் ஏழெட்டு மாசத்தில் வருவேன். வந்ததும்
▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇
▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇▇
▇▇▇▇▇▇▇▇▇▇
அவ்வளவுதான்.

ஆணி

*

15 பிப்ரவரி

தம்பிக்கு,

உன் கடிதத்தில் ஐயா கறுப்பு மை பூசிய மூன்று வரியையும் படித்துவிட்டேன். நீ பேனா பிடிப்பதே சம்மட்டி பிடிக்கிற மாதிரி. தாளைத் திருப்பித் தடவினால் எழுத்தெல்லாம் கொப்புளம் கொப்புளமாக எழும்பி நிற்கிறது. ஐயா கோபப்பட வேண்டாம், பூசியது நன்றாகத்தான் இருந்தது, ஓரம்கூடத் தாண்டவில்லை.

"அவனை செட்டில் பண்ணிடறேன்" என்று எழுதியிருக்கிறாய். அடப்பாவி, அந்த ஆளிடம் வேலை பார்த்ததில் உனக்கு மிஞ்சினது அந்தச் சொல்தானா? எந்த எலும்பில் ஆரம்பித்து எந்த எலும்பில் முடிப்பாய் என்று வேறு விவரமாக எழுதியிருக்கிறாய். மாட்டிறைச்சிக் கடைக்காரன்கூட இவ்வளவு வரிசை பார்க்கமாட்டான்.

செட்டில் ஐயாவே நேற்று என் ரூமுக்கு வந்தார். தாடை சரியாகக் கூடவில்லை என்று மறுபடி கம்பி போட்டுக் கட்டியிருக்கிறார்கள். பல்லுக்கு நடுவில் பேச்சு வருகிறது. ஸ்ட்ரா வைத்துத்தான் சாப்பாடாம். "வாங்க, கரும்பு கொண்டு வரட்டுமா?" என்றேன். சிரிக்கவில்லை. சிரிக்கவும் முடியாது, பாவம்.

"பாரும்மா," என்றார், "கோர்ட்டு கேஸுன்னு அலையாம நமக்குள்ளயே செட்டில் பண்ணிக்கலாம். உன் வீட்டுக்காரன் அன்னிக்குக் குடிச்சிருந்தான்னு ஒரு கையெழுத்துப் போடு. உன் தம்பி மேல நான் குடுத்திருக்கிற ஸ்டேட்மெண்ட்ட மாத்திக் குடுத்துடறேன்."

"என்ன ஸ்டேட்மெண்ட்?"

"போயிட்டான்னு சொன்ன குரல் உன் தம்பியோடது. அவனே சொன்னான், அவனே அடிச்சான்."

உன் வக்கீலும் அதையேதான் சொல்கிறார். அந்த ஸ்டேட்மெண்ட் நின்றால் உன் மாமா செத்தது முழுக்க உன் தலையில். இந்தத் தண்டனை முடிகிற கதவிலேயே அடுத்த கதவு திறக்கும். நம் கூட்டத்தில் மொட்டையைக் கேட்டேன், கரண்டியைக் கேட்டேன். லாரிச் சத்தம், ஜெனரேட்டர் சத்தம், சரியாகக் கேட்கவில்லை என்று காலால் மண்ணைக் கிளறுகிறார்கள். நாளைக்கும் அவர்களுக்கு வேலை வேண்டும்.

குடிக்காத மனுஷனைக் குடித்தான் என்று நான் எழுதமாட்டேன். கரும்பு இல்லை என்று அனுப்பிவிட்டேன்.

ஆனால் தம்பி, நேரில் கேட்க எனக்கு நாக்கு எழவில்லை, அதனால் எழுதிக் கேட்கிறேன். அந்தக் குரல் உன்னுடையதா? அவசரத்தில் வந்திருந்தாலும் வந்திருக்கும். எதுவானாலும் சொல். ஒரு வரி போதும்.

அக்கா

*

2 மார்ச்

அக்கா,

நீயுமா.

அன்றைக்கு நான் சுவருக்கு அந்தப் பக்கம். என் வாயில் துணி கட்டியிருந்தேன், தூசிக்கு. மாமாதான் காலையில் முடிச்சுப் போட்டுவிட்டார். துணி கட்டின வாயிலிருந்து வாசல்வரைக்கும் கேட்கிற குரல் எப்படி வரும்? அதைக்கூட யோசிக்கவில்லை நீ.

குரல் யாருடையது என்று எனக்குத் தெரியும். கூப்பிட்ட வாயே பதிலும் சொன்னது. கோர்ட்டில் சொன்னேன். யாரும் கேட்கவில்லை. நீயாவது கேட்பாய் என்று இருந்தேன்.

நேற்றுச் சாப்பாட்டு வரிசையில் ஒருத்தன், "மாமனைக் கொன்னவன்" என்றான். தட்டை மடக்கி அவன் காதில் வெட்டினேன். காது பாதி தொங்கிவிட்டது. இருட்டு அறையில் போட்டார்கள். அது எனக்கு ஒன்றுமில்லை. உன் கடிதத்துக்கு அது எவ்வளவோ மேல்.

இனிமேல் எழுதாதே.

*

20 மே

தம்பிக்கு,

எழுதாதே என்றாய். நடுவில் இரண்டு எழுதினேன், பதில் இல்லை. இது மூன்றாவது. சொன்ன பேச்சைக் கேட்டு நான் எப்போதுடா நடந்திருக்கிறேன்?

துணி விஷயம் உண்மை. காலையில் அந்த மனுஷன் உன் பின்னந்தலையில் முடிச்சுப் போட்டதை நானும்தான் பார்த்தேன். படித்ததும் தலையில் அடித்துக்கொண்டேன். அவ்வளவுதான் எழுதுவேன், இதற்குமேல் அழுகாச்சி எல்லாம் எனக்கு வராது.

இப்போது சேதி. கூட்டம் செட்டிலை விட்டுப் பிரிந்து வேறு மேஸ்திரியிடம் சேர்ந்துவிட்டது. பேர் கூப்பிட ஆள் வேண்டும் என்றபோது எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். மொட்டை சொன்னான், "அக்கா வீட்டுல பேசுனாலே எங்க தெருவுல கேக்குது." எனக்குக் கூட்டத்தில் இப்போது பேர் மைக். உன் மாமாவின் குழாய்தான், உன் மாமாவின் கம்பிதான். முதல் நாள் "கரண்டி" என்று கூப்பிட்ட என் குரலில் புறா எல்லாம் பறந்தது.

இன்னொரு சேதி, ஐயாவுக்குப் பிடிக்காது. போன வாரம் செட்டில் அனுப்பின இரண்டு பேர் வந்தார்கள். கையெழுத்துப் போடச் சொன்னார்கள். பேனா எழுதவில்லை என்றேன். ஒருத்தன் அடுப்பைத் தூக்கிச் சுவரில் அடித்தான். இன்னொருத்தன் என் முடியைப் பிடித்துக் கதவு நிலையில் முகத்தை மோதினான். ஒரு தடவை இல்லை. "போடலேன்னா உன்னயும் செட்டில் பண்ணிருவோம்" என்றான். வாயில் இரத்தத்தோடு, "எந்த செட்டிலுப்பா? உங்க முதலாளி பத்துப் பதினஞ்சு வெச்சிருக்காரே, எதுன்னு கேட்டுட்டு வா" என்றேன். அதற்கு வயிற்றில் ஒரு உதை. அதற்கப்புறம் செங்கல் கொத்துகிற சுத்தி என் கைக்கு வந்தது, அவன் முழங்கால் சில்லு எங்கே போனது என்று எனக்குத் தெரியாது. நொண்டிக்கொண்டு போனான்.

எனக்கு முன்பல் ஒன்று போயிற்று, பக்கத்துப் பல் ஆடுகிறது. "தொடாம விடுங்க, அதுவா செட்டில் ஆயிடும்" என்கிறார் டாக்டரம்மா. அவரையும் ஒரு பார்வை பார்த்தேன். பல் போன சந்தில் விசில் நன்றாக வருகிறது.

கடைசிச் சேதி. செட்டில் தன் வீட்டுக்கு மேல் அனுமதி கேட்காமல் கொள்ளாமல் இரண்டு மாடி எழுப்பியிருந்தார் இல்லையா, அதை இடிக்கச் சொல்லி ஆர்டர் வந்துவிட்டது. வேலை எங்கள் மேஸ்திரிக்குத்தான். அந்த ஆள் தெருவில் நின்று, "நான் உள்ளயே உக்காந்திருப்பேன், என் தலைல இடிங்கடா பாக்கலாம்" என்று கத்துகிறாராம்.

பேர் கூப்பிடுவது நான்.

அக்கா

*

29 மே

அக்கா,

பல்லுக்கு மருந்து போடு. அடித்தவன் முகம் எப்படி இருந்தது என்று எழுது. உயரமா, குட்டையா.

உன் கடிதத்தைப் பத்துத் தடவை படித்தேன். கடைசி வரியை அதற்கு மேல்.

அவன் உள்ளே போவான். எனக்கு அவனைத் தெரியும். பின்பக்கப் படிக்கட்டு வழியாகப் போய் உட்காருவான், உட்கார்ந்தால் வேலையை நிறுத்திவிடுவார்கள் என்று நினைப்பான். நீ ஒன்றுமே செய்ய வேண்டாம். கல்லைத் தூக்க வேண்டாம், கத்தியைத் தூக்க வேண்டாம். அவன் கூட்டத்து ஆள் இல்லை. அவன் பேரைக் கூப்பிட வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. நம் ஆட்கள் பேரை எல்லாம் கூப்பிட்டு முடி, குழாயைத் தட்டு. அவன் நமக்கு என்ன செய்தானோ அதேதான். உன் வாயில்தான் இருக்கிறது.

தூசி அடங்குகிறவரைக்கும் யாரையும் உள்ளே விடாதே. டொக் டொக் என்று கேட்டால் எனக்கு எழுது.

இதை அக்காவுக்குப் போகவிடுங்கள் ஐயா. உங்களுக்கும் ஒரு மாமா இருப்பார்.

ஆணி

*

14 ஜூன்

தம்பிக்கு,

எழுத்து இன்னும் மோசமாக இருக்கும். இடது கையால் எழுதுகிறேன். கோழிக்கும் கால் ஒடிந்துவிட்டது என்று வைத்துக்கொள். உன் கடிதத்தில் ஐயா ஒரு சொல்லைக்கூட அழிக்கவில்லை, அதற்கு ஒரு கும்பிடு.

நேற்றுதான் நடந்தது. காலையில் போலீஸ் வந்து வீட்டைக் காலி பண்ணிப் பூட்டியது. செட்டிலையும் வெளியே இழுத்து விட்டார்கள். இன்ஸ்பெக்டர் இருந்தார், ஆர்டர் கொண்டுவந்த இன்ஜினியர் இருந்தார், தெருவே இருந்தது. மேல்மாடியை மெஷின் கொத்திவிட்டது. கீழே அந்த மாடிகளைத் தாங்குகிற முட்டுத் தூணை உடைத்தால் மிச்சம் உள்பக்கம் உட்கார்ந்துவிடும், அந்தக் கடைசி அடி சம்மட்டிக்கு. சம்மட்டி கரண்டி கையில்.

நான் வாசலில் நின்று கூப்பிட்டேன். கரண்டி வெளிய. மொட்டை வெளிய. ஒவ்வொருத்தனாக எல்லாரும் வெளிய. கம்பியை ஓங்கினேன். அப்போது பின்பக்கம் போகிற சந்தில் அந்த ஆளின் செருப்பைப் பார்த்தேன். ஒரு ஜோடி, ஒழுங்காகக் கழற்றி, படிக்கட்டு அடியில். சொந்த வீடு அல்லவா, செருப்போடு ஏறமாட்டார்.

ஆணி, உன் கடிதம் என் இடுப்பில் இருந்தது.

கம்பி ஓங்கினபடியே கொஞ்ச நேரம் நின்றேன். எவ்வளவு நேரம் என்று கேட்காதே. பிறகு, "செட்டில்!" என்று கத்தினேன்.

கூட்டம் சிரித்தது. வேடிக்கை பண்ணுகிறேன் என்று நினைத்தார்கள். நான் மறுபடி கூப்பிட்டதும் சிரிப்பு நின்றது. செருப்பை அவர்களும் பார்த்துவிட்டார்கள். பதில் இல்லை. உள்ளே எங்கோ ஒரு தும்மல், அடக்கின தும்மல்.

அப்போது மொட்டை என் கண்ணைப் பார்த்தபடியே, "போயிட்டான்!" என்றான்.

கரண்டி சம்மட்டியைத் தோளுக்கு மேல் தூக்கிவிட்டான்.

"யாருடா சொன்னது? போனதப் பாத்தியா? உன் தலைல போட்டுக்கிறியா?" என்று கேட்டேன். மொட்டை மண்ணைப் பார்த்தான். "உங்களுக்காகத்தான்க்கா" என்றான்.

எனக்காக யாரும் எதுவும் சொல்ல வேண்டாம் என்று கம்பியைக் கீழே போட்டுவிட்டு உள்ளே போனேன். உனக்குக் கோபம் வரும். வரட்டும். அந்த ஆள்மேல் எனக்கு என்ன பாசமா? சம்மட்டி கரண்டி கையில் இருந்ததுடா. அவனுக்கு உன் வயசு. அடி பொதுக்கென்று இறங்கின பிறகு அந்தக் கை என்ன ஆகும் என்று நீதானே எனக்கு எழுதினாய்? தோல் போனது, அது போகவில்லை என்று எழுதினது யார்?

மாடியில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் முகத்தில் ஒரு வெளிச்சம். "பாத்தியா, நிறுத்தித்தான ஆகணும்? உக்காரு, செட்டில் பண்ணிக்கலாம்" என்றார். நான் சட்டையைப் பிடித்தேன். பக்கத்தில் கிடந்த ஜன்னல் கம்பியை எடுத்து என் வலது மணிக்கட்டில் இறக்கினார். எலும்பு ஒடிகிற சத்தம் சுள்ளி ஒடிகிற சத்தம்தான், வேறு ஒன்றும் இல்லை. இடது கையில் அரைச் செங்கல் கிடைத்தது. நம் செங்கல்டா, நான் கொத்திச் சுத்தம் பண்ணி அடுக்கினது, அதை வைத்துத்தான் மாடி கட்டியிருக்கிறார். அதே செங்கல்லால் மூஞ்சியில் ஒன்று போட்டேன். நீ உடைத்த இடம் விட்டுத்தான், டாக்டர் வேலை வீணாகக் கூடாது என்று. மூக்கு போயிற்று. படிக்கட்டில் காலைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தேன். ஒவ்வொரு படியிலும் தலை ஒரு தட்டு. எண்ணவில்லை, எண்ணியிருந்தால் மனசுக்கு நன்றாக இருந்திருக்கும்.

வாசலில் கொண்டுவந்து போட்டேன். இன்ஸ்பெக்டர் ஓடிவந்தார். "அடிச்சத அப்புறம் எழுதிக்குங்க சார், இப்ப பேர் கூப்பிடணும்" என்றேன்.

"செட்டில்!"

இரத்தத்தைத் துப்பிவிட்டு, "வெளிய" என்றார்.

கரண்டி சம்மட்டியைத் தூக்கினான். நான் கையைக் காட்டி நிறுத்தினேன். இன்னும் ஒரு பேர் பாக்கி இருந்தது.

"நெட்டை!" என்று கூப்பிட்டேன்.

மொட்டை வாயைக் கையால் பொத்திக்கொண்டான். இன்ஜினியர், "யாரும்மா அது? சீக்கிரம்" என்றார். "இவரு என் வீட்டுக்காரர் சார். பதில் வராம அடி விழாது. அதான் எங்க வழக்கம்" என்றேன். மறுபடி கூப்பிட்டேன். ஒரு கை ஒடிந்து தொங்குகிறது, அந்த வலியெல்லாம் சேர்ந்து குரலில் வந்தது. தெருக்கோடிவரைக்கும் கேட்டிருக்கும்.

மெஷின் கொத்தின மாடி அல்லவா. அந்த அமைதியில் உள்ளே எங்கோ தளர்ந்த செங்கல் ஒன்று படியில் விழுந்தது. டொக். கொஞ்சம் பொறுத்து இன்னொன்று. டொக்.

செட்டில் காதைப் பொத்தினார். மறுபடி டொக்.

"நிறுத்தச் சொல்லும்மா," என்றார். "போயிட்டான்னு நான்தான் சொன்னேன். காப்பர் ஒயரப் புடுங்கிட்டு வான்னு நான்தான் உள்ள அனுப்புனேன். லாரிக்காரன் கத்துனான். மறந்துட்டேன். சத்தியமா மறந்துட்டேன்."

"சத்தமா சொல்லுங்க. என் தம்பிக்குக் கேக்கணும்."

சத்தமாகச் சொன்னார். இன்ஸ்பெக்டர் கேட்டார், இன்ஜினியர் கேட்டார், தெருவே கேட்டது. மொட்டை அழுதுகொண்டே, "எனக்கும் அன்னிக்குக் கேட்டுச்சு சார். இவர் குரல்தான்" என்றான். கரண்டியும் சொன்னான். ஒருத்தன் திறந்தால் எல்லாருக்கும் வாய் திறக்கிறது. நம் கூட்டம் அப்படித்தான், கொட்டாவி மாதிரி.

"நெட்டை போயிட்டார்" என்று அப்புறம் நானே சொன்னேன். என் தலையில் போட்டுக்கொண்டேன். அது எனக்குப் பாரம் இல்லை. இடது கையால் குழாயில் மூன்று தட்டுத் தட்டினேன். கரண்டி அடித்தான். இரண்டு மாடியும் முட்டி மடக்கி உட்கார்ந்தன. தூசி அடங்குகிறவரைக்கும் அந்த ஆளை என் பக்கத்திலேயே நிற்கவைத்தேன். உள்ளே ஒரு சத்தமும் இல்லை.

உன் வக்கீல் இன்று காலை ஆஸ்பத்திரிக்கே ஓடி வந்தார். இன்ஸ்பெக்டரே எழுதிக்கொடுத்துவிட்டாராம், உன்மேல் இருக்கிற ஸ்டேட்மெண்ட் இனி நிற்காதாம். மூக்கை உடைத்ததற்கு என்மேல் ஒரு கேஸ் வரும்போல இருக்கிறது. வந்தால் அந்த ஐயாவிடம் உன் அறைக்குப் பக்கத்து அறையாகக் கேட்டு வை.

வராவிட்டால் கேள். உன் தண்டனை முடிகிற அன்றைக்கு ஜெயில் வாசலில் குழாயைத் தொங்கவிட்டுக்கொண்டு நிற்பேன். காவல்காரர் துரத்தினாலும் போகமாட்டேன். உன் பேரைக் கூப்பிடுவேன். நீ பதில் சொல்லாமல் ஒரு தட்டுக்கூடத் தட்டமாட்டேன்.

சித்தியையும் கூட்டிவருகிறேன். திட்ட ஆள் வேண்டாமா?

அக்கா

*

30 ஆகஸ்ட்

அக்கா,

இன்று காலையில் பேர் கூப்பிட்டார்கள். "உள்ளே" என்றேன். ஐயா சிரித்துவிட்டு, "இன்னிக்கு மட்டும்தாண்டா" என்றார்.

கையைத் தினமும் பார்க்கிறேன். தட்டைப் பிடித்தால் தட்டு மாதிரிதான் இருக்கிறது. சில நாள்.

இதை ஐயா இன்றைக்கே ஆளிடம் கொடுத்தனுப்புகிறார். நாளைக்குச் சத்தமாகக் கூப்பிடு. கதவு ரொம்பத் தடிமன்.

ஆணி